கழுத்து வெளுத்த பருந்து

என் அம்மாவுக்குக் கருடன் வேறு, பருந்து வேறு. கருடன் பெருமாளின் வாகனம். வானத்தில் கண்டால் கன்னத்தில் போட்டுக்கொண்டு "கோவிந்தா" என்பாள். பருந்து திருட்டுப் பறவை. கோழிக்குஞ்சைத் தூக்குவதும் மீன்காரியின் கூடையில் பாய்வதும் அதன் பிழைப்பு. எனக்கு இந்தப் பேதம் ஒருநாளும் பிடிபட்டதில்லை. ஆரணியில் கோழிக்கறிக் கடை வைத்திருக்கிறவன் நான். என் கடைக்குப் பின்னால் இரண்டும் ஒரே குடலுக்குத்தான் அடித்துக்கொள்கின்றன.

இதை எழுத உட்கார்ந்ததே அந்தப் பேதத்தால்தான். அப்பா செத்த அன்றைக்கு அம்மா என்னிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டாள். அது இந்த இரண்டு பெயர்களைப் பற்றியது. நான் சொன்ன பதில் பொய்யில்லை. அந்தப் பதிலைப் பிடித்துக்கொண்டுதான் அவள் எழுந்து உட்கார்ந்தாள், சோறு தின்றாள், மறுபடியும் கோயிலுக்குப் போனாள். அது கலைந்துவிடக் கூடாதே என்று நான் அதற்கப்புறம் வயிற்றில் நெருப்பைக் கட்டிக்கொண்டுதான் இருந்தேன்.

கடை இருப்பது ஆற்றுக்குப் போகிற தெருவில். கமண்டல நாகநதி என்று பேர்தான் பெரிசு; வருஷத்தில் பாதி நாள் மணலும் கோரைப்புல்லும்தான். கோழிக் கழிவை டிரம்மில் எடுத்துப்போக வண்டி வரும். வண்டி வராத நாளில் எல்லாமும், வந்த நாளில் கட்டையைக் கழுவும்போது மிஞ்சுவதும் பருந்துகளுக்கு. மத்தியானம் வியாபாரம் ஓய்ந்து, கத்தியைக் கட்டையில் நான் தட்டுகிற சத்தம் கேட்டால் போதும். எங்கிருந்தோ வந்து தலைக்கு மேல் சுற்ற ஆரம்பித்துவிடும்.

முதலில் காக்கை. அப்புறம் கரும்பருந்து, வால் நுனி மீன்வால் மாதிரி உள்வாங்கியிருக்கும். வீசினதைத் தரையில் விழவே விடாது. சரேலென்று இறங்கிக் காலால் கவ்விக்கொண்டு, பறந்துகொண்டே தலையைக் குனிந்து காலில் இருப்பதைக் கொத்தித் தின்னும். நம் ஆட்கள் பஸ்ஸில் தொங்கிக்கொண்டே வடை தின்கிற மாதிரி. எல்லாம் முடிந்த பிறகுதான் கருடன் வரும். வெள்ளைக் கழுத்து, செங்கல் நிற உடம்பு, பார்க்க லட்சணமாகத்தான் இருக்கும். தினமும் வருகிற ஒன்றுக்கு வலது காலில் ஒரு விரல் கிடையாது. கூட்டத்தில் இடிபடாது. டிரான்ஸ்பார்மர் கம்பத்தில் உட்கார்ந்து, தரையில் சிந்தினது ஏதும் உண்டா என்று பார்க்கும். இல்லையென்றால் துண்டோடு போகிற இன்னொரு பருந்தை விரட்டு விரட்டென்று விரட்டி, அது பயந்து கீழே போட்டதும் எடுத்துக்கொள்ளும். பெருமாளின் வாகனம் வழிப்பறி செய்வதைத் தினமும் பார்க்கிற பாக்கியம் ஊரில் எனக்குத்தான்.

இன்னொன்றும் கவனித்திருக்கிறேன். கருடனின் குஞ்சு பிறக்கும்போதே வெள்ளைக் கழுத்தோடு பிறப்பதில்லை. வளரும் வரைக்கும் உடம்பு முழுக்கப் பழுப்பாக, அசல் பருந்து மாதிரியே இருக்கும். அம்மா அதைப் பார்த்தால் "ச்சூ" என்று கை வீசுவாள். அதே பறவைக்குக் கழுத்து வெளுத்ததும் கும்பிடு போடுவாள். சொன்னால் நம்ப மாட்டாள். கருடன் உயிரோடு இருக்கிற பாம்பைத்தான் பிடித்துத் தின்னும், செத்ததைத் தொடவே தொடாது என்பது அவள் கட்சி. என் கடைப் பக்கம் அவள் எட்டிப் பார்த்ததே இல்லை என்பதால் அந்தக் கட்சி தோற்காமல் இருந்தது.

நியாயமாகச் சொன்னால், அதற்கு வேட்டையும் தெரியும். மழைக்குப் பிறகு ஏரியில் மீனை மேலாகவே அள்ளிக்கொண்டு போகும். நண்டு, தவளை, தண்ணீர்ப்பாம்பு எதையும் விடாது. அப்பா வேலை பார்த்த ரைஸ் மில்லிலும் அதை வேட்டைக்காரனாகத்தான் பார்த்திருக்கிறேன். அப்பாவுக்கு மில் களத்தில் வேலை. அவித்த நெல்லை வெயிலில் பரப்பி, காலைத் தேய்த்துத் தேய்த்து நடந்து நெல்லைக் கிளறிவிட வேண்டும். அவர் நடந்த வழியெல்லாம் சால் சாலாக விழும். திரும்பி வந்தால் அடுத்த சால். மூட்டையை நகர்த்தும்போது எலிகள் ஓடும். மேலே சுற்றிக்கொண்டிருந்தது கல் விழுகிற மாதிரி விழும். எலியோடு எழும்பும்போதுதான் வெள்ளைக் கழுத்து தெரியும்.

அதை அப்பா வீட்டுக்கு வந்து சொல்லி அம்மாவை வம்புக்கு இழுப்பார். "இந்தா பாரு, இன்னிக்கி ஒங்க பெருமாள் வண்டி எலி தூக்கிகினு போச்சு. பெருச்சாளின்னா புள்ளையார் கேசு ஆயிருக்கும்."

"அது பருந்துங்க. வயசாச்சு, கண்ணு தெரியல ஒங்களுக்கு."

"கயுத்து வெள்ளயா இருந்துச்சே."

"மாவு ஒட்டிகினு இருந்துருக்கும். மில்லுதான அது."

அதற்கு மேல் அப்பாவால் சிரிப்பை அடக்க முடியாது. கல்யாணம் ஆன நாளிலிருந்து இந்த வழக்கு நடந்ததாம். இருவரும் தீர்ப்புக்குப் போகாமலே வைத்திருந்தார்கள்.

பிறகு அப்பாவுக்கு மறதி வந்தது. சாப்பிட்டதை மறந்தார், என் பெயரை மறந்தார், கடைசியில் அம்மாவையே யாரோ ஒரு பெண் என்று "ங்க" போட்டுக் கூப்பிட ஆரம்பித்தார். அம்மாவுக்கு அதுதான் தாங்கவில்லை. ஆனால் மாடியில் நிற்கும்போது வானத்தில் வெள்ளைக் கழுத்து தெரிந்தால், "ந்தா, ஒம் பெருமாள் வண்டி" என்பார். அந்த ஒரு வாக்கியத்தில் அம்மா அவருக்குத் திரும்பவும் பெண்டாட்டியாகிவிடுவாள். அதற்காகவே அவரைத் தினமும் மாடிக்குக் கூட்டிப்போய் நிற்க வைப்பாள். கருடன் மேல் அவளுக்கு இருந்த பக்தியில் பாதி, பெருமாளுக்கு மட்டும் உரியதில்லை என்று நினைக்கிறேன்.

கால் மட்டும் எதையும் மறக்கவில்லை. கதவு திறந்திருந்தால் அப்பா களத்துக்குப் புறப்பட்டுவிடுவார். மில்காரர்களே பல தடவை டீ வாங்கிக் கொடுத்து வீட்டில் கொண்டுவந்து விட்டிருக்கிறார்கள்.

நான் கோழிக்கடை வைக்கும்போது அம்மா ஒரே ஒரு கண்டிஷன் போட்டாள். "பதினோரு மாசம் நீ இன்னா வேணா வெட்டிக்க. பொரட்டாசியில கத்தி எடுக்கக் கூடாது." புரட்டாசியில் ஊரே கவிச்சி தொடாது என்பதால் எனக்கும் பெரிய நஷ்டமில்லை. மாதம் முழுக்க ஷட்டரை இறக்கிவிட்டு லோடு வண்டி ஓட்டுவேன். பக்கத்தில் இருக்கிற கடைக்காரர்களும் பாதிப் பேர் மூடிவிடுவார்கள். முதல் சில நாள் பருந்துகள் வழக்கமான நேரத்துக்கு வந்து ஷட்டருக்கு மேல் சுற்றும். பிறகு வராது. எங்கே போகின்றன என்று நான் யோசித்ததில்லை. யாரும் யோசித்திருக்க மாட்டார்கள்.

அப்படி ஒரு புரட்டாசி சனிக்கிழமை. அம்மா நாமம் போட்ட சொம்பை எடுத்துக்கொண்டு, வீடு வீடாக "கோவிந்தா" சொல்லி அரிசி வாங்கப் போயிருந்தாள். அது அவள் வருஷா வருஷம் செய்கிற வேண்டுதல். அப்பா தூங்குகிறார் என்று நினைத்துக் கதவை வெறுமனே சாத்திவிட்டுப் போனாள். திரும்பி வந்தபோது கதவு திறந்திருந்தது, பாய் காலியாக இருந்தது.

மில்லுக்கு ஓடினேன். அங்கே வரவில்லை. பஸ் ஸ்டாண்டில் போளூர் பஸ், வந்தவாசி பஸ் கண்டக்டர்களிடம் எல்லாம் போனில் இருந்த படத்தைக் காட்டினேன். போலீசில் சொன்னோம். தெரு வாட்ஸ்அப்பில் போட்டோம். யார் யாரோ எங்கெங்கோ கிழவர்களைப் பார்த்ததாகச் சொன்னார்கள், போய்ப் பார்த்தால் வேறு யாருடைய அப்பாவோ. பக்கத்து வீட்டுத் தறிக்காரர் பட்டுத் தறியை நிறுத்திவிட்டு என்னோடு பைக்கில் சுற்றினார். அன்றைக்கும் கிடைக்கவில்லை, மறுநாளும் கிடைக்கவில்லை. அம்மா அரிசிச் சொம்பை வந்து நின்ற இடத்திலேயே வைத்துவிட்டு, பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் வாசலில் உட்கார்ந்திருந்தாள்.

அதற்கடுத்த நாள் காலை வெயில் ஏறின நேரம். நான் வண்டிக்குப் பெட்ரோல் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அம்மா தெருவில் நின்று மேலே பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் ஒரு வெளிச்சம்.

"ந்தா பாருடா. கருடன் வட்டம் போடுது பாரு. ஒங்கப்பாவுக்கு ஒண்ணியும் ஆவல, நல்லாத்தான் கீறாரு" என்று இரண்டு கன்னத்திலும் மாறி மாறிப் போட்டுக்கொண்டாள். தெருவில் இருந்த பெண்களும் போட்டுக்கொண்டார்கள். கோயில் கும்பாபிஷேகத்தில் கோபுரத்துக்கு மேல் கருடன் சுற்றுகிற வரைக்கும் கலசத்தில் தண்ணீர் ஊற்றாமல் காத்திருக்கிற ஊர் இது. அது வந்தால் நல்லது, அவ்வளவுதான். எதற்கு வந்தது என்று அதனிடம் யாரும் கேட்பதில்லை.

நான் பார்த்தேன். மேற்கே, ஏரிப் பக்கம். ஒரே இடத்துக்கு மேல், இறக்கையை அசைக்காமல், கொஞ்சம் கொஞ்சமாகத் தாழ்ந்து சுற்றிக்கொண்டிருந்தது. அதற்கும் மேலே புள்ளி புள்ளியாகக் கரும்பருந்துகள். எத்தனை வருஷமாக என் தலைக்கு மேல் அந்த வட்டத்தைப் பார்க்கிறேன்.

ஆனால் அந்த வட்டத்தைப் பற்றி எனக்கு இன்னொன்றும் தெரியும். கீழே இருப்பது அசைகிற வரைக்கும் அது இறங்காது. நான் கழிவை வீசிவிட்டு அங்கேயே நின்றால் கருடன் சுற்றிக்கொண்டேதான் இருக்கும்; நான் உள்ளே போனால்தான் வரும். ரொம்ப ஜாக்கிரதைப் பறவை. சுற்றுகிறது என்றால் அசைவு இருக்கிறது. அசைவு இருந்தால் உயிர் இருக்கிறது. அந்த ஒரு நிமிஷம் நானும் அம்மாவும் ஒரே பறவையைப் பார்த்து ஒரே நம்பிக்கையில் இருந்தோம், காரணம்தான் வேறு.

"ணா, ஏறுங்க, ஜல்தி" என்றேன். தறிக்காரர் எதுவும் கேட்காமல் பின்னால் ஏறினார். சாலையைப் பார்த்து ஓட்டாமல் வானத்தைப் பார்த்தே ஓட்டினேன். பின்னால் இருந்து அவர் கத்திக்கொண்டே வந்தார். ஏரிக்கரைத் திருப்பம் வரைக்கும் அது சுற்றிக்கொண்டிருந்தது. சுத்து, சுத்து, இறங்காதே என்று வாய்விட்டே சொன்னேன். கரைமேல் ஏறும்போது இறக்கையை மடக்கியது. அப்படியே வேலிகாத்தான் புதருக்குப் பின்னால் இறங்கியது. திரும்ப எழும்பவில்லை.

ஏரியில் தண்ணீர் நடுவில் மட்டும்தான் இருந்தது. வேலிகாத்தான் முள் பைக்கை உள்ளே விடவில்லை. நாங்கள் வழி தேடி, சுற்றிக்கொண்டு போய்ச் சேர நேரம் ஆனது. புதருக்கு அந்தப் பக்கம் வண்டல் காய்ந்து, சிமெண்டுத் தளம் மாதிரி ஒரு திறந்த இடம். முதலில் நான் பார்த்தது அப்பாவை இல்லை. சால்களை. மேலாக இருந்த புழுதியில் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு, திரும்பி அதற்குப் பக்கத்தில், மறுபடி அதற்குப் பக்கத்தில். காலைத் தேய்த்துத் தேய்த்து நடந்திருக்கிறார். நெல் கிளறியிருக்கிறார். கடைசிச் சால் பாதியில் நின்றிருந்தது. அங்கே அவர் ஒருக்களித்துக் கிடந்தார்.

கருடன் அவர் தலைமாட்டில் இருந்தது. என்னைப் பார்த்ததும் பதறிப் பறக்கவில்லை. இரண்டு தத்து தத்தி, பக்கத்தில் இருந்த முள்கிளையில் ஏறி உட்கார்ந்து, அலகைக் கிளையில் இப்படியும் அப்படியும் துடைத்தது. வலது காலில் ஒரு விரல் இல்லை. என் கடைப் பறவை. டிரான்ஸ்பார்மர் கம்பத்தில் உட்கார்ந்து எனக்காகக் காத்திருக்கிறதுதான். புரட்டாசி பிறந்ததிலிருந்து அதற்கு நான் ஒன்றும் போடவில்லை.

அதன் அலகுக்குப் பெரிய உடம்பைக் கிழிக்கிற பலம் கிடையாது. தோல் கெட்டியாக இருந்தால் நாயோ மற்றதோ வந்து திறக்கிற வரைக்கும் அது காத்திருக்கும். அதற்கு முன்னால் அதனால் எடுக்க முடிந்தது மெல்லிசான இடங்கள் மட்டும்தான். இதற்கு மேல் நான் எழுதப்போவதில்லை.

என் தோளில் துண்டு இருந்தது. கடைத் துண்டு. எத்தனை சோப்புப் போட்டாலும் அதில் கோழி வாடை போகாது. அதை அப்பாவின் முகத்தில் போட எனக்கு மனசு வரவில்லை. தறிக்காரர் தன் துண்டை எடுத்து நீட்டினார். அதை முகத்தில் போட்டு, தலையைச் சுற்றிக் கட்டினேன். அப்புறம் கல்லை எடுத்து அந்தப் பறவையை அடித்தேன். படவில்லை. திரும்பத் திரும்ப எடுத்து அடித்தேன். அது எழும்பி, மறுபடியும் மேலே சுற்ற ஆரம்பித்தது.

போலீஸ் வந்தது, ஆஸ்பத்திரிக்குப் போய் வந்தது எல்லாம் முறைப்படி நடந்தது. தண்ணீர் இல்லாமல், வெயிலில், நெஞ்சு நின்றிருக்கிறது என்றார்கள். உயிர் போய் ரொம்ப நேரம் ஆகவில்லை என்றும் சொன்னார்கள். அப்படியென்றால் அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டபோது அவர் இருந்தார், நடந்துகொண்டிருந்தார். அவள் சொன்னது அந்த நேரத்துக்குச் சரிதான்.

வீட்டுக்குக் கொண்டுவந்தபோது முகத்துக் கட்டை நாங்கள் அவிழ்க்கவில்லை. ஆஸ்பத்திரியில் கட்டினது, அவிழ்க்கக் கூடாது என்று சொல்லிவிட்டேன். அம்மா முகத்தைக் கேட்டு அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் காலடியில் உட்கார்ந்து, புழுதி ஒட்டியிருந்த பாதத்தைத் தன் புடவையால் துடைத்துக்கொண்டிருந்தாள். பிறகு என்னைப் பக்கத்தில் கூப்பிட்டு, மெதுவாகக் கேட்டாள்.

"நீ போவும்போது அவரண்ட இன்னா இருந்துச்சு? பருந்தா, கருடனா?"

"கருடந்தாம்மா."

அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். "கூட இருந்து கூட்டிகினு போயிருக்கு. கடைசியா அதப் பாத்துட்டுத்தான் போயிருக்காரு" என்றாள். அவர் அதைப் பார்த்து என்ன சொல்லியிருப்பார் என்று எங்கள் இருவருக்குமே தெரியும். வெளியே பாடையைத் தூக்கிக்கொண்டு எல்லோரும் "கோவிந்தா, கோவிந்தா" என்றார்கள். அந்தச் சத்தத்தில் நான் வாய்விட்டு அழுதேன். அப்பாவுக்காக மட்டும் அழவில்லை.

அதற்குப் பிறகு அம்மா கருடனைக் கண்டால் கன்னத்தில் போட்டுக்கொள்வதோடு நிறுத்துவதில்லை. நின்று, இரண்டு வார்த்தை பேசிவிட்டுத்தான் நகர்வாள். பால் திரிந்தது, மழை, பேரன் பேத்தி பரீட்சை, எல்லாச் சேதியும் மேலே போகும். நான் கடையில் கழிவு வீசுவதை நிறுத்திவிட்டேன். டிரம்மை மூடி வைத்தேன். விரல் இல்லாத அந்தக் கால் கம்பத்தில் தெரிந்தால் உள்ளே போய்விடுவேன். கல் எடுக்கவும் கை வராது. என்ன இருந்தாலும் அம்மா அதனிடம்தான் பேசிக்கொண்டிருக்கிறாள்.

அடுத்த புரட்டாசி வந்தது. ஷட்டரை இறக்கினேன். ஒரு சனிக்கிழமை அம்மாவைக் கோயிலிலிருந்து அழைத்து வந்தேன். வழக்கமான தெருவில் பள்ளம் தோண்டிப் போட்டிருந்ததால், வேறு வழியில்லாமல் கடைத் தெரு வழியாக நடந்தோம். அவள் கையில் துளசி. மூடிய கடைகளுக்கு மேலே, டிரான்ஸ்பார்மரில், வெள்ளைக் கழுத்து உட்கார்ந்திருந்தது. இளைத்திருந்தது.

அம்மா நின்றாள். கை கன்னத்துக்குப் போனது.

முந்தின ராத்திரி ஏதோ லாரி ஒரு பெருச்சாளியை அரைத்துவிட்டுப் போயிருந்தது. அது சாலையிலேயே ஒட்டிக் கிடந்தது. கருடன் எங்களுக்கு எதிரிலேயே இறங்கியது. ஒரு காலை அதன் மேல் ஊன்றி, உடம்பை விட்டுவிட்டு, முதலில் கண்ணைக் கொத்தி எடுத்தது.

நான் "வாம்மா போலாம்" என்று தோளைத் தொட்டேன். அவள் அசையவில்லை. அது தின்று முடிக்கிற வரைக்கும் பார்த்தாள். கன்னத்துக்கு அருகில் போன கை அங்கேயே நின்றிருந்தது. எனக்கு அவளை அங்கிருந்து தூக்கிக்கொண்டு ஓடிவிடலாமா என்று இருந்தது.

"பொரட்டாசின்னா அதுக்கு ஒண்ணியும் கெடைக்காதா?" என்றாள்.

"கடையெல்லாம் மூடிடறோம்ல. கெடைக்காதும்மா."

"போன வருஷமும் மூடிகினுதான இருந்துச்சு."

நான் மறுபடியும் அவள் தோளைத் தொட்டேன்.

"அதான் மொகத்த அவுக்கவே வுடலயா நீ."

அம்மா கையைக் கீழே இறக்கினாள். துளசியை முந்தானையில் முடிந்துகொண்டாள். வீடு வரும் வரைக்கும் மேலே பார்க்கவில்லை. வாசல்படியில் கால் வைக்கும்போது திரும்பினாள். அவள் குரலில் கோபமும் இல்லை, அழுகையும் இல்லை.

"நாளிக்கி கடையத் தொற. வாங்க ஆள் வந்தாலும் வராட்டியும் ரெண்டு கோழி வெட்டி அதுங்களுக்குப் போடு. இன்னொருத்தி வூட்டுக்காரரத் தேடிகினு போவக் கூடாது."